ஒரு நிமிடம்கூட ஓடாத குடும்பப் படம்

நான் பேச எழுந்ததும், மெயின்டனன்ஸ் பாக்கி பற்றித்தான் என்று சிலர் பின்வரிசைக்கு நகர்ந்தீர்கள். பயப்படாதீர்கள், இன்று சினிமா.

1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் லூமியர் சகோதரர்கள் கட்டணம் வாங்கிக்கொண்டு 10 குட்டிப் படங்களைக் காட்டினார்கள். அதில் ஒன்று, அண்ணன் அகுஸ்தும் அவர் மனைவியும் கைக்குழந்தைக்குச் சாப்பாடு ஊட்டுவது. கதை அவ்வளவுதான், ஒரு நிமிடம்கூட ஓடாது. பார்த்தவர்கள் குழந்தையைவிட, பின்னால் காற்றில் அசைந்த இலைகளைக் கண்டுதான் அதிசயித்தார்களாம். நாடகத் திரைச்சீலையில் வரைந்த மரம் அசையாதே! 1896 ஜூலை 7 அன்று பம்பாய் வாட்சன் ஹோட்டலில் காட்டியபோது கடல் குளியல் படமும் இருந்தது. நம் பக்கத்தில், திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட் 1905-இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டர் வாங்கி ஊர் ஊராகப் படம் காட்டினார். வேலையை விட்டுவிட்டு! வங்கிக் குமாஸ்தா எனக்கு அந்தத் துணிச்சல் வந்ததேயில்லை.

அந்தக் காலப் பிலிம் நைட்ரோசெல்லுலோஸ். சிவகாசிப் பக்கத்து ஆட்களுக்கு விளக்க வேண்டியதில்லை. எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால், பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள்ளும் எரியும். அதனால்தான் 1923-இல் கோடாக் வீட்டு உபயோகத்துக்கு 16 எம்.எம். கொண்டுவந்தபோது எளிதில் தீப்பிடிக்காத பிலிமில் தந்தது. அதன் பிறகுதான் வசதியான குடும்பங்கள் பிக்னிக், பிறந்தநாள் எல்லாம் தாங்களே எடுக்கத் தொடங்கின. அந்தப் பிலிமுக்கு வேறு வியாதி. சூட்டிலும் ஈரத்திலும் வினிகர் வாடை அடித்துச் சுருங்கிப்போகும்.

தென்னிந்தியாவின் முதல் மௌனப் படமான நடராஜ முதலியாரின் 'கீசக வத'த்துக்கே இன்று ஒரு பிரதிகூட இல்லை. நம் வீட்டுப் படங்களுக்கு என்ன உத்தரவாதம்?

உங்கள் பரணில் கல்யாண வீடியோ கேசட், பங்குனிப் பொங்கல் பொருட்காட்சியில் எடுத்தது, தீபாவளிக்குப் பிள்ளைகள் மத்தாப்பு கொளுத்தியது என்று ஏதாவது கிடக்கும். மேல்தளத்துக்காரர்கள் முதலில் இறக்குங்கள். விருதுநகர் வெயிலில் மொட்டை மாடிக்குக் கீழே அந்தப் பரண் அடுப்பு மாதிரி. பூஞ்சை பிடித்த கேசட்டைப் பிளேயரில் போட வேண்டாம். டேப்பும் போகும், ஹெட்டும் போகும். சுத்தம் செய்து பென்டிரைவில் மாற்றித் தரும் ஸ்டூடியோவில் கொடுங்கள். நாலைந்து வீட்டார் சேர்ந்து கொடுத்தால் விலையும் பேசலாம்.

மாற்றிய பிறகு பெரியவர்களோடு உட்கார்ந்து பாருங்கள், பெயர்களைக் கேட்டு எழுதுங்கள். எங்கள் கல்யாண கேசட்டில் பந்தியில் இருப்பவர்களில் பாதிப் பேரை அடையாளம் சொல்ல, இப்போது என் அக்கா ஒருவர்தான் இருக்கிறார். அவருக்கு 82 வயது. வருகிற ஞாயிற்றுக்கிழமை நோட்டுப் புத்தகத்தோடு அவர் வீட்டுக்குப் போகிறேன்.