ஊதா நிறக் கிருமி

குளத்து நீரில் ஒரு துளியை எடுத்து, கடற்பாசிக் கூழ் ஊற்றிய கண்ணாடித் தட்டின்மீது தடவி, இரண்டொரு நாள் இளஞ்சூட்டில் வைத்தால், அத்தட்டில் வெண்மையும் மஞ்சளுமாகப் பல புள்ளிகள் எழக் காணலாம். ஒவ்வொரு புள்ளியும் கோடிக்கணக்கான நுண்ணுயிர்களின் குடியிருப்பு. எப்போதாவது அவற்றினிடையே நாவற்பழச் சாறு சொட்டியதுபோல ஒரு கரு ஊதாப் புள்ளியும் பளபளக்கும். அந்தப் புள்ளியைப் பற்றித்தான் இன்று உங்களோடு பேச எண்ணுகிறேன்.

அதற்கு விஞ்ஞானிகள் இட்ட பெயர் குரோமோபாக்டீரியம் வயலேசியம். வெப்ப நாடுகளின் மண்ணும் நீரும் அதன் இருப்பிடம். பிரேசில் நாட்டில் அமேசானோடு கலக்கும் ரியோ நீக்ரோ ஆற்றில் அது மிகுதியாக வாழ்கிறது. அந்நாட்டு ஆராய்ச்சியாளர்கள் பலர் ஒன்றுகூடி, 47 இலட்சத்துக்கு மேற்பட்ட எழுத்துக்களாலான அதன் மரபுச் செய்தி முழுவதையும் படித்து 2003-ஆம் ஆண்டில் வெளியிட்டார்கள்.

இந்த ஊதா நிறம் எங்கிருந்து வருகிறது? டிரிப்டோபேன் என்னும் அமினோ அமிலத்தைக் கொண்டு இக்கிருமி வயலசீன் என்ற சாயத்தை ஆக்கிக்கொள்கிறது. அதிலும் ஒரு விந்தை உண்டு. தனித்திருக்கும்போது அது சாயம் காய்ச்சுவதில்லை. ஒவ்வொரு கிருமியும் ஒரு வேதிப்பொருளைச் சிறுகச் சிறுகக் கசியவிடுகிறது. கூட்டம் பெருகப் பெருக அப்பொருளும் சுற்றுப்புறத்தில் பெருகுகிறது. ஓர் அளவைக் கடந்ததும், ‘நாம் பலர் கூடிவிட்டோம்’ என்று அறிந்தாற்போல எல்லாம் சேர்ந்து ஊதா நிறம் கொள்கின்றன. அந்தச் சாயம் அருகிலுள்ள வேறு பல நுண்ணுயிர்களை ஒடுக்கவும் வல்லது. ஆகவே அதை வெறும் அலங்காரம் என்று சொல்வதற்கில்லை.

இத்தனை அழகும் ஒழுங்கும் உடைய இவ்வுயிரை, மனிதனுக்குத் தீங்கு செய்யாத நீர்வாசி என்றே மாணவப் பருவத்தில் நான் கற்றேன். அந்தப் பாடத்தை அளவுக்கு மீறி நம்பியதால் நேர்ந்த ஒரு பிழையை உங்களிடம் மறைக்க விரும்பவில்லை.

நான் பரிசோதனைச் சாலையில் பணிபுரியத் தொடங்கிய காலம். நடவு வயலின் சேற்றில் காலைக் கீறிக்கொண்ட ஓர் இளைஞனைக் கடுங்காய்ச்சலோடு சேர்த்திருந்தார்கள். அவனுடைய புண்ணிலிருந்து எடுத்த சீழ் என்னிடம் வந்தது. மறுநாள் தட்டில் ஊதாப் புள்ளிகள் எழுந்திருந்தன. ‘தண்ணீரிலிருந்து தவறி வந்து ஒட்டிக்கொண்ட கிருமி’ என்று குறித்துவிட்டுத் தட்டை ஒதுக்கி வைத்தேன். அடுத்த நாள் அவனது இரத்தம் இட்ட புட்டியிலிருந்தும் அதே ஊதா நிறம் வெளிப்பட்டது. என் மேலதிகாரி அதைப் பார்த்துவிட்டு, “இரத்தத்திற்குள் குளத்து நீர் எப்படி அப்பா வந்தது?” என்று மட்டும் கேட்டார். எனக்கு நா எழவில்லை.

உடனே மருந்து மாற்றப்பட்டது. கல்லீரலில் கட்டிய சீழ் வற்றப் பல வாரங்கள் ஆயின. இளைஞன் பிழைத்தான். ஆனால் என்னால் ஒரு நாள் வீணாயிற்று என்பதை நான் மறக்கவில்லை.

இந்நோய் புதியதன்று. 1905-இல் பிலிப்பைன்ஸ் தீவுகளில் எருமைகளைக் கொன்ற கிருமி இது என்று வுல்லி என்பார் எழுதினார். 1927-இல் மலாயாவில் முதன்முதலாக ஒரு மனிதரிடம் இது காணப்பட்டது. அதன் பின்னர் நம் நாடு உட்படப் பல வெப்ப நாடுகளில் இந்நோய் பதிவாகியிருக்கிறது. எண்ணிக்கை மிகச் சொற்பமே. ஆயினும் பதிவானவற்றைத் திரட்டிப் பார்த்தபோது, நோயுற்றவர்களில் ஏறத்தாழப் பாதிப்பேர் உயிரிழந்திருந்தனர். தோலில் ஒரு சிறு புண்ணாகத் தொடங்கி, இரத்தத்தில் பரவி, கல்லீரலிலும் நுரையீரலிலும் சீழ்க்கட்டிகளை உண்டாக்குவது இதன் போக்கு. விழுங்கிய கிருமிகளைக் கொல்லும் ஆற்றல் பிறவியிலேயே குன்றிய வெள்ளணுக்களை உடைய குழந்தைகளை இது எளிதில் பற்றுகிறது. நல்ல உடற்கட்டு உடையோரையும் சிற்சில வேளைகளில் விடுவதில்லை.

இது அரியது என்பதே இதன் கொடுமைக்கு ஒரு காரணம் என்பேன். அடிக்கடி காணாத ஒன்றை மருத்துவர் எளிதில் நினைப்பதில்லை. வழக்கமாக முதலில் கொடுக்கும் பென்சிலின், செபலோஸ்போரின் வகை மருந்துகள் பலவற்றுக்கு இக்கிருமி மசிவதுமில்லை. ஆனால் சிப்ரோபிளாக்சசின் போன்ற மருந்துகளுக்குப் பெரும்பாலும் கட்டுப்படுகிறது. காலத்தில் அறிந்து, நோய் திரும்பி வராதபடி நீண்ட நாள் மருந்து கொடுத்தால் உயிரைக் காக்கலாம். இக்கிருமியில் நிறமற்ற வகைகளும் உண்டாதலால், ஊதா நிறத்தை மட்டுமே நம்பியிருப்பதும் தகாது.

இப்படிச் சொல்வதால் இக்கிருமியைப் பகையென்று வெறுக்க வேண்டியதில்லை. 1981-இல் இதனிடமிருந்தும் மண்ணில் வாழும் வேறு சில கிருமிகளிடமிருந்தும் மானோபாக்டம் என்னும் புதுவகைப் பொருள்கள் கிடைத்தன. அந்த வழியில் உருவாக்கப்பட்ட அஸ்ட்ரியோனாம் என்ற மருந்து, வேறு கொடிய கிருமிகளிடமிருந்து பலரைக் காத்துவருகிறது.

நேயர்களே, வயலில் இறங்காதீர்கள், குளத்தில் நீராடாதீர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஆறாத காயத்தோடு சேற்றிலும் தேங்கிய நீரிலும் இறங்க நேர்ந்தால், கரையேறியதும் சோப்பும் நல்ல நீரும் கொண்டு கழுவுங்கள். பின்னர் காய்ச்சல் கண்டால் மருத்துவரிடம் காய்ச்சலை மட்டும் சொல்லாதீர்கள், சேற்றையும் சொல்லுங்கள். அந்த ஒரு சொல் கிடைத்தால், பரிசோதனைச் சாலையில் இருப்பவன் ஊதாப் புள்ளியை ஒதுக்கி வைக்கமாட்டான்.