யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?



பேரங்காடி ஒன்றில் சாமான் வாங்க வந்தவரிடம் ஓர் ஆடவர் நெருங்குகிறார். ஏதோ சொல்ல வாயெடுக்கிறார், வார்த்தை வரவில்லை. முகம் சிவக்கிறது. வாங்க வந்தவர் ஒன்றும் புரியாமல் விழிக்கிறார். சற்றுத் தள்ளி, மறைவான இடத்தில் மூன்று பேர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். அந்த ஆடவரின் காதுக்குள் இருக்கும் சிறு கருவி வழியாக, "இதைச் சொல், அதைச் செய்" என்று கட்டளையிடுபவர்கள் இவர்கள்தான்.

இதுதான் 'இம்ப்ராக்டிகல் ஜோக்கர்ஸ்' என்ற அமெரிக்க நகைச்சுவை நிகழ்ச்சி. 2011 டிசம்பரில் ட்ரூ டிவி அலைவரிசையில் தொடங்கியது. ஜோ கேட்டோ, ஜேம்ஸ் மர்ரே, பிரையன் குவின், சால் வல்கானோ ஆகிய நால்வரும் நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவில் ஒரே உயர்நிலைப் பள்ளியில் படித்த நண்பர்கள். இவர்களில் குவின் தீயணைப்பு வீரராகவும் பணியாற்றியவர்.

விதி எளிமையானது. நண்பர்கள் சொல்வதைச் செய்ய மறுத்தால் தோல்வி. இறுதியில் தோற்றவருக்குத் தண்டனை உண்டு; அதை மட்டும் மறுக்க முடியாது.

இரகசியக் கேமரா தொலைக்காட்சிக்குப் புதிதல்ல. ஆலன் ஃபன்ட் 1948-லேயே அமெரிக்கத் தொலைக்காட்சியில் அதைத் தொடங்கிவிட்டார். பின்னர் அந்நிகழ்ச்சி 'கேண்டிட் கேமரா' என்ற பெயரில் புகழ்பெற்றது. அங்கே சிக்குபவர் விவரம் அறியாத வழிப்போக்கர். சிரிப்பும் அவரைப் பார்த்துத்தான்.

ஸ்டேட்டன் தீவு நண்பர்கள் இதைத் தலைகீழாக மாற்றினார்கள். இங்கே வழிப்போக்கர் வெறும் சாட்சி. அசடு வழிபவர் நண்பர். வல்கானோவுக்கு அழுக்கும் கிருமியும் ஆகாது என்பது மற்றவர்களுக்குத் தெரியும். ஆகவே சவாலும் அங்கேயே போய் நிற்கும். ஒரு முறை தோற்ற மூவருக்கும் பச்சை குத்தும் தண்டனை கிடைத்தது. குவினின் உடலில் பதிந்தது என்ன தெரியுமா? வயது 38, தனியாக வாழ்பவர், மூன்று பூனைகள் வளர்ப்பவர் என்ற விவரம்! அந்நியர் செய்தால் அது அவமானம். பள்ளித் தோழன் செய்ததால் அவரும் சேர்ந்து சிரித்தார்.

அதற்காக வழிப்போக்கருக்குச் சங்கடமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. சிலர் எரிச்சலடைகிறார்கள், சிலர் பயந்தும் போகிறார்கள். எனவேதான் படப்பிடிப்பு முடிந்ததும் உண்மையைச் சொல்லி ஒப்புதல் கேட்கிறார்கள். சம்மதிக்காதவரின் முகம் திரையில் மறைக்கப்படுகிறது.

2021-ஆம் ஆண்டின் இறுதி நாளில் ஜோ கேட்டோ சொந்தக் காரணங்களுக்காக விலகுவதாக அறிவித்தார். மற்ற மூவரும் சிறப்பு விருந்தினர்களோடு நிகழ்ச்சியைத் தொடர்ந்தார்கள். ஆனாலும் பழைய ரசிகர்கள் அந்த நால்வரின் கூட்டைத்தான் தேடினார்கள். கேமராவும் காதுக்கருவியும் கடையில் கிடைக்கும். இருபது, முப்பது ஆண்டுப் பழக்கம் எந்தக் கடையில் கிடைக்கும்?

இன்று கைப்பேசி வைத்திருக்கும் எவரும் இரகசியக் கேமராக்காரர் ஆகிவிடலாம். துப்புரவுத் தொழிலாளியையோ வழியில் போகும் முதியவரையோ மிரள வைத்துப் படம்பிடித்து, ஒரு வார்த்தை கேட்காமல் ஊருக்கே காட்டிவிடுகிறார்கள். கேட்டால், "சும்மா விளையாட்டு" என்கிறார்கள்.

விளையாட்டென்றால் அதில் இறங்குபவருக்கு "மாட்டேன்" என்று சொல்லும் உரிமை இருக்க வேண்டும். அந்த நால்வருக்கும் அது இருந்தது. தெருவில் போகும் முதியவரிடம் அதை யாரும் கேட்பதில்லை.

அடுத்த முறை இப்படி ஒரு படம் கைப்பேசிக்கு வந்தால், சிரிப்பதற்கு முன் அந்த முகத்தைச் சற்றுப் பாருங்கள். அவரும் சிரிக்கிறாரா?