பிள்ளைகள் வாழும் நாடுகளை அறிவோம்
(ராயகிரி ஜுமுஆ உரையிலிருந்து)



சமூகங்கள் ஒன்றையொன்று அறிந்துகொள்ள வேண்டுமென ஹுஜுராத் அத்தியாயம் கற்பிப்பதைப் பலமுறை கேட்டிருக்கிறோம். எனினும் நாடுகளைப் பற்றிய அறிவைத் தேர்வு எழுதும் பிள்ளைகளுக்கு உரியதென ஒதுக்கிவிடுகிறோம். பிழைப்புக்காக மகனை வளைகுடாவுக்கு அனுப்பும் குடும்பத்திற்கு அது அன்றாடத் தேவையாகும்.

1990 ஆகஸ்ட் 2 அன்று இராக்கியப் படை குவைத்தில் நுழைந்தது. அங்கே சுமார் 1,70,000 இந்தியர் இருந்தனர். குவைத்துக்கு நில எல்லை கொண்ட நாடுகள் இரண்டே: இராக், சவூதி அரேபியா. எனவே நம்மவரில் பெரும்பாலோர், படையெடுத்த நாட்டின் பஸ்ரா, பக்தாத் நகரங்களின் வழியாகவே ஜோர்டானின் அம்மானை அடைந்தனர். அங்கிருந்து ஏர் இந்தியா 488 முறை பறந்து 1,11,000க்கும் மேற்பட்டோரைத் தாயகம் சேர்த்தது. வரைபடம் அறியாத தாய், மகன் பக்தாத் சென்றான் எனக் கேட்டால் எவ்வளவு பதறியிருப்பாள்!

2015இல் யமனில் போர் மூண்டபோதும் இவ்வாறே. ஏடன், ஹுதைதா துறைமுகங்களிலிருந்து நம் கடற்படை மக்களை ஆப்பிரிக்கக் கரையிலுள்ள ஜிபூத்திக்குக் கொண்டு சென்றது. ஹுதைதாவிலிருந்து வந்தோர் கடந்தது பாபுல் மந்தப் நீரிணை. ‘கண்ணீரின் வாயில்’ என்பது அதன் பொருள். அதற்குமுன் ஜிபூத்தியின் பெயரை நம்மில் எத்தனை பேர் அறிந்திருந்தோம்?

வேலை ஒப்பந்தத்தில் கையெழுத்திடுமுன் வரைபடத்தை விரியுங்கள். அண்டை நாடுகள் எவை, நம் தூதரகம் எந்நகரில் உள்ளது எனக் குறித்துக்கொள்ளுங்கள். பெண்களையும் உடன் அமர்த்துங்கள். போர்ச் செய்தி கேட்டு வீட்டிலிருந்து தவிப்போர் அவர்களே.