பட்டாவையும் படம் எடு

(செங்கல்பட்டில் மாணவத் தோழர்களிடையே பேசியதன் எழுத்து வடிவம்)



ஆவணப்படம் பற்றிப் பேசக் கூப்பிட்டீங்க. நான் காரணையிலிருந்து தொடங்குகிறேன்.

மாமல்லபுரத்துல தினமும் கல்லைப் படம் எடுக்க எத்தனை கேமரா! அந்தப் பக்கத்துக் காரணையில், பஞ்சமி நிலத்தை மீட்க நம்ம சனங்க நின்றார்கள். அங்கே வைத்த அம்பேத்கர் சிலையைப் போலீஸ் அகற்றியது. அதை எதிர்த்து 1994 அக்டோபர் 10இல் செங்கல்பட்டில் திரண்டவர்கள்மீது துப்பாக்கிச் சூடு. ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் பலியானார்கள்.

1999 ஜூலை 23, திருநெல்வேலி. மாஞ்சோலைத் தொழிலாளர்களுக்கான பேரணியைப் போலீஸ் அடித்து விரட்ட, தாமிரபரணியில் 17 பேர் செத்தார்கள். ‘தண்ணியில மூழ்கிச் செத்தாங்க’ என்று கதையை முடிக்கப் பார்த்தபோது, ஆர்.ஆர். சீனிவாசனின் ‘நதியின் மரணம்’ சாட்சியாக வந்து நின்றது.

1997 ஜூலை 11, மும்பை ரமாபாய் நகர். போலீஸ் சுட்டு 10 பேர் பலி. அதைத் தாங்காமல் பாடகர் விலாஸ் கோக்ரே தூக்கில் தொங்கினார். ஆனந்த் பட்வர்தனின் முந்தைய படத்தில் பாடியவர் அவர். அந்தச் சாவிலிருந்து கிளம்பி, 14 வருஷம் கழித்து, 2011இல் வந்தது ‘ஜெய் பீம் காம்ரேட்’.

பட்வர்தன் தெரிந்தவரின் சாவிலிருந்து தொடங்கினார். நாம் நம்ம தெருவிலிருந்தே தொடங்கலாம். ‘நான்’ என்று சொல்லக் கூச்சப்படாதீங்க. கூண்டில் ஏறுகிற சாட்சி முதல்ல தன் பேரைச் சொல்லணும் இல்லையா?

ஆனா ஒண்ணு. எங்க தெருவுக்கும் கேமரா வந்தது. எங்க ஆயாவை அழ வச்சு எடுத்துட்டுப் போனாங்க. நிலம் எங்க போச்சுன்னு ஒருத்தரும் கேக்கல. அழுகையை மட்டும் எடுத்தால் பார்ப்பவன் இரக்கப்பட்டு எழுந்து போய்விடுவான். பறித்தவன் தப்பித்துவிடுவான்.

காரணையின் காயம் 1994இல் தொடங்கியதல்ல. 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் திரெமென்ஹீர் நம்ம சனங்களின் நிலமில்லாக் கொடுமையை அறிக்கையாக எழுதினார். 1892இல் நிலம் தர அரசாணை வந்தது. பத்து வருஷம் விற்கக் கூடாது, பிறகும் ஒடுக்கப்பட்டவருக்குத்தான் விற்கலாம் என்று நிபந்தனை. அப்படிப்பட்ட நிலம் எப்படி அடுத்தவன் பட்டாவுக்குப் போச்சு? அந்தக் கேள்விதான் உங்கள் படம். சிட்டாவை எடு, ‘அ’ பதிவேட்டை எடு, வில்லங்கச் சான்றை எடு, அந்த நிலத்தில் எழும்பிய காம்பவுண்டு சுவரை எடு.

பேசுகிற அம்மா ‘போதும்’ என்றால் கேமராவை நிறுத்து. முகம் தெரிந்தால் நாளைக்கு அவருக்கு வேலை போகுமா என்று கேள். முடித்த படத்தை முதலில் அதே சேரியில் போட்டுக் காட்டு. அவர்கள் வேண்டாம் என்பதை வெட்டு.

1994இல் இருபது வயசில் நின்றவர்கள் இப்போது ஐம்பதைத் தாண்டிவிட்டார்கள். அவர்கள் இருக்கும்போதே போங்க. போகிற அன்றைக்கே பட்டா நகலுக்கும் மனு எழுதிப் போடுங்க.