நாணலும் கோரையும் செய்யும் வேலை
(சங்கத்தின் வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)



வெள்ளி விழா மேடையில் சாக்கடையைப் பற்றிப் பேசுவதா என்று சிலர் முகஞ்சுளிக்கக் கூடும். கல்வியைப் பற்றிப் பேசும்படி கேட்டுக்கொண்டார்கள். நாம் பேசப் போவதும் கல்வியைப் பற்றித்தான். நம்மைக் கழிவோடு பிணைத்து வைத்த சமுதாயம் நம்மிடம் உழைப்பை வாங்கிக்கொண்டதே தவிர, அதைப் பற்றிய அறிவை நமக்குத் தரவில்லை. எதனை அள்ளும்படி நம் முன்னோர் ஏவப்பட்டனரோ, அது எவ்வாறு மண்ணாகிறது, அதிலிருந்து நீர் எவ்வாறு தெளிகிறது என்பதை நம் பிள்ளைகள் பாடமாகக் கற்க வேண்டும் என்பதே நம் விருப்பம்.

காவிரிப் படுகை தட்டையான நிலம். மேட்டில் ஊரும், வயல்களுக்கு அப்பால் தாழ்வில் சேரியும் அமைந்திருப்பதை எத்தனையோ ஊர்களில் காணலாம். நீர் பள்ளத்தை நாடும் என்பது இயற்கை. பள்ளத்தில் நம்மைக் குடிவைத்தது இயற்கை அன்று. ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் நிலத்தடி நீர் மேலெழும்போது கழிப்பறைக் குழியின் நீரும் கைப்பம்பின் நீரும் ஒரே மட்டத்துக்கு வந்துவிடுகின்றன. பிள்ளைகளுக்கு வயிற்றுப்போக்கு வருவது அந்த மாதங்களில்தான்.

நல்ல நீருக்காக நம்மவர் போராடிய வரலாறு நீண்டது. பொதுக் கிணறுகளும் குளங்களும் சாலைகளும் எல்லார்க்கும் உரியவை என்ற தீர்மானத்தை இரட்டைமலை சீனிவாசன் 1924ஆம் ஆண்டு சென்னைச் சட்டமன்றத்தில் கொண்டுவந்தார். 1927 மார்ச் 20ஆம் நாள் மகாத் நகரின் சவுதார் குளத்தில் அண்ணல் அம்பேத்கர் நீரை அள்ளிப் பருகினார். வந்துசேரும் நீரைப் பற்றிய போராட்டம் அது. வெளியேறும் நீரைப் பற்றி நாம் இன்னும் போதிய அளவு பேசவில்லை.

நம் பாட்டிமார் அடுக்களை நீர் விழும் இடத்தில் என்ன நட்டார்கள்? வாழை, சேம்பு, கல்வாழை. அந்த நீரில் உள்ள சத்தை வாழை தின்றது, தாரும் இலையும் வீட்டுக்கு வந்தன, முற்றத்தில் நாற்றமில்லை. இதன் காரணத்தை அறிவியல் பிற்காலத்தில் விளக்கிற்று. 1950களில் ஜெர்மனியில் கேத்தே சைடல் என்னும் பெண் அறிஞர், நீர்ச்செடிகள் அழுக்கு நீரைத் தெளிவிக்கும் ஆற்றலை ஆராய்ந்தார். அவர் போன்றோர் தொடங்கி வைத்த ஆராய்ச்சியிலிருந்து செடிப் பாத்தி முறை வளர்ந்தது.

அதன் அமைப்பு எளிது. முதலில் மூடிய தொட்டி ஒன்று. அதில் மண்டி அடியில் தங்கும். எண்ணெய்ப் பசை மேலே மிதக்கும். இடையிலுள்ள நீர் அடுத்த பாத்திக்குச் செல்லும். பாத்தியின் அடி களிமண்ணாலோ சிமெண்டாலோ கசியாதபடி செய்யப்பட்டிருக்கும். உள்ளே சரளைக்கல் நிரப்பி நாணல், சம்பு, கோரை, கல்வாழை இவற்றை நட்டிருப்பார்கள். நீர் சரளைக்கு மேலே வராமல் அரையடி கீழேயே நகரும். எனவே கொசு முட்டையிட இடமில்லை. கல்லின் மேலும் வேரின் மேலும் படர்ந்திருக்கும் நுண்ணுயிர்கள் அழுக்கைத் தின்கின்றன. வேர்கள் தம்மைச் சுற்றிச் சிறிது பிராணவாயுவைக் கசியவிட்டு அவற்றுக்குத் துணை செய்கின்றன. உண்மையான வேலைக்காரர் கண்ணுக்குத் தெரியாத அந்த உயிர்களே. செடி அவற்றுக்கு வீடு கொடுக்கிறது. வீட்டுக் கழிவுநீர் முழுமைக்கும் ஆளொன்றுக்கு ஏறத்தாழ 1 முதல் 2 சதுர மீட்டர் பாத்தி வேண்டும். மின்சாரம் வேண்டா. நம் பகுதியில் ஒன்றை மறக்கலாகாது: மழைக்காலத்தில் நிலத்தடி நீர் பாத்திக்குள் புகும். ஆகையால் பாத்தியை மேடாக எழுப்பிக் கரை கட்டவேண்டும்.

இது ஒரு கொல்லைப்புறத்துக்கே ஆகும் என எண்ணிவிடலாகாது. கல்கத்தா மாநகரின் கிழக்கே ஏறத்தாழ 12,500 ஹெக்டேர் பரப்பில் சதுப்பு நிலமும் வயலும் உள்ளன. மாநகரின் கழிவுநீர் கால்வாய் வழியே அங்குள்ள ஆழமற்ற மீன் குட்டைகளை அடைகிறது. வெயில் படப்படப் பாசி செழிக்கிறது. பாசி வெளியிடும் பிராணவாயுவால் நுண்ணுயிர் வாழ்கிறது. பாசியை மீன் தின்கிறது. தெளிந்த நீர் நெல் வயலுக்குப் பாய்கிறது. எந்தப் பல்கலைக்கழகமும் வகுத்த திட்டமன்று இது. மீனவரும் உழவரும் தலைமுறை தலைமுறையாகக் கண்டறிந்தது. அங்கு உழைப்போரில் பலர் நம்மைப் போன்ற பட்டியல் சாதியினர். 1980களில் துருபஜோதி கோஷ் என்னும் அரசுப் பொறியாளர் மாநகரின் கழிவுநீர் எங்கே போகிறது என்று தேடிச் சென்று, இந்த உழைப்பாளிகளிடம் மாணவராக அமர்ந்து கற்றார். பின் அதை உலகுக்கு எடுத்துச் சொன்னார். 1992இல் கல்கத்தா உயர்நீதிமன்றம் அந்நிலத்துக்குப் பாதுகாப்பளித்தது. 2002இல் அது ராம்சார் பட்டியலில் இடம்பெற்றது. ஆயினும் அடுக்குமாடிக் கட்டடங்கள் அதனை நெருக்கிக்கொண்டேதான் இருக்கின்றன.

நம் காவிரிக்கரையிலேயே முசிறியில் வேறொரு முயற்சி நடந்தது. மலத்தையும் சிறுநீரையும் தனித்தனியே பிரிக்கும் கழிப்பறைகளை அங்கே கட்டினர். மலத்தைச் சாம்பலிட்டு மூடி மாதக்கணக்கில் உலரவிட்டு மட்க வைத்தனர். சிறுநீரை நீர்கலந்து வாழைக்கு இட்டுப் பார்த்தனர். அதில் தழைச்சத்து மிகுதி. அதனைப் பயன்படுத்தியவரிடம் காசு வாங்காமல் அவர்க்கே காசு கொடுத்த பொதுக் கழிப்பறை ஒன்றும் அவ்வூரில் இருந்தது! வீணென்று எறிவதை வயல் விலை கொடுத்து வாங்கும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? மட்கிய உரமும், சம்பாவுக்கு முன் மடக்கி உழும் தக்கைப்பூண்டும் சணப்பையும் சேர்ந்தால், இறுகிய நம் களிமண் மீண்டும் பொலபொலப்பாகும்.

செடி செய்ய இயலாததையும் சொல்லியாக வேண்டும். நம் தாராசுரம் பட்டு நெசவுக்குப் பெயர்பெற்றது. பட்டு நூலைச் சவுக்காரமும் சோடாவும் இட்டு வேகவைத்துப் பசை நீக்குவார்கள். அந்தப் பசை புரதம். நுண்ணுயிர் அதைத் தின்றுவிடும். சாயம் அப்படியன்று. உப்பை எந்தக் கோரையும் தின்னாது. இதற்குச் சான்று நொய்யல் ஆறு. உழவுக்கென்று கட்டி 1992இல் திறந்த ஒரத்துப்பாளையம் அணையில் திருப்பூர்ச் சாயக் கழிவே நிறைந்தது. அணை நீரை உழவர்களே வேண்டா என்றனர். 2011 சனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் அங்குள்ள சாயப்பட்டறைகளை மூட ஆணையிட்டது. அந்த நொய்யல் கலப்பது நம் காவிரியில். ஆதலால் சாயநீரைச் சாயமிடும் இடத்திலேயே தனியே சுத்தி செய்தாக வேண்டும். வீட்டு நீரோடு கலக்க விடலாகாது. நெசவாளரும் நம்மைப் போல் உழைத்து உண்பவரே. அவர்களோடு உட்கார்ந்து பேசித் தீர்க்க வேண்டிய காரியம் இது.

இளைஞர்களே, இனிச் சொல்லப்போவதைக் கூர்ந்து கேளுங்கள். மனிதர் மலம் அள்ளுவதைத் தடுக்க 1993இல் ஒரு சட்டமும், 2013இல் அதனினும் கடுமையான மற்றொரு சட்டமும் வந்தன. அதன் பின்னும் சாக்கடைக் குழியில் நச்சுக்காற்றால் நம்மவர் மடிகின்றனர். அவ்வாறு இறந்தவர் குடும்பத்துக்கு 30 இலட்சம் ரூபாய் தரவேண்டும் என 2023 அக்டோபரில் உச்சநீதிமன்றம் கூறிற்று. குழியில்லாத, மனிதன் இறங்க வேண்டாத முறை என்பதாலேயே செடிப் பாத்தி நம் நெஞ்சைக் கவர்கிறது. ஆனால் அதிலும் தொட்டியின் மண்டியைச் சில ஆண்டுகளுக்கொருமுறை எடுக்க வேண்டும். செடியை அறுக்க வேண்டும். "இது உங்கள் வேலை அல்லவா?" என்று அங்கேயும் நம்மையே கூப்பிட்டால், பச்சைப் போர்வை போர்த்த பழைய சாதிதான் அது. மண்டியை இயந்திரம் இறைக்கட்டும். செடி அறுக்கும் வேலை தெருவாரியாக எல்லாச் சாதியினர்க்கும் முறைவைத்து வரட்டும். அதனைத் திட்டமிடும் பொறியாளராகவும், நீரைச் சோதிக்கும் ஆய்வாளராகவும் நம் பிள்ளைகள் அமர வேண்டும்.

இன்று விழாப் பந்தியில் பாத்திரம் கழுவிய நீர் இக்கட்டடத்தின் பின்னே வேலியோரம் தேங்கி நிற்பதைக் கண்டோம். அடுக்களை நீர்தான்; தொடங்குவதற்கு ஏற்றது. பத்தடி நீளம், நான்கடி அகலம், இரண்டடி ஆழத்தில் ஒரு பாத்தி அமைக்கலாம். நாணலும் சம்பும் அரசலாற்றங் கரையிலேயே கிடைக்கும். வெளியேறும் நீரை வாழைக்கு விடுவோம். பச்சையாக உண்ணும் கீரைக்கு வேண்டா. உள்ளே வரும் நீரையும் வெளியே போகும் நீரையும் மாதமொருமுறை கண்ணாடிக் குடுவையில் எடுத்து, நிறமும் நாற்றமும் குறித்து வைக்கும் பொறுப்பைப் பத்தாம் வகுப்பு மாணவர் ஏற்கட்டும். தோண்டும் வேலைக்குக் கூலியாள் வேண்டா. செயலாளர் அவர்களும் நாமும் மண்வெட்டியோடு வருகிறோம். தை பிறந்து தரை காய்ந்ததும் தொடங்கலாம்.