திரைக்குப் பின்னால் நின்ற மியூனிச்காரர்



படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் நாங்கள் கதிரையை விட்டு எழும்பிவிடுவோம். நடிகர், இயக்குநர், பாட்டுக்காரர் பெயர் தெரிந்தால் எங்களுக்குப் போதும். நான் தொழிலால் கணக்காளன். எந்தத் தொழிலின் சம்பளப் பட்டியலை எடுத்தாலும், வாசலில் நிற்பவர்களைவிட உள்ளே நின்று வேலை செய்பவர்களின் பெயர்கள்தான் அதிகம். சினிமாவும் அப்படித்தான். அப்படி உள்ளே நின்ற ஒருவரைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன்.

அவர் பெயர் யோசெப் வியர்ஷிங். 1903இல் மியூனிச் நகரில் பிறந்த ஒளிப்பதிவாளர். 1925இல் இயக்குநர் பிரான்ஸ் ஒஸ்ரனுடன் இந்தியாவுக்குக் கப்பலேறினார். புத்தரின் கதையைச் சொல்லும் ‘பிரேம் சந்நியாஸ்’ என்ற மௌனப்படத்துக்காக ஹிமான்சு ராய் செய்த ஏற்பாடு அது. கமெராவும் தொழில்நுட்பக்காரரும் மியூனிச் எமெல்கா நிறுவனத்தின் பங்கு. பணமும் நடிகர்களும் இடங்களும் இந்தியத் தரப்பின் பங்கு. நல்ல கூட்டு வியாபாரம்!

1934இல் ஹிமான்சு ராயும் தேவிகா ராணியும் பம்பாய் மலாட்டில் ‘பாம்பே டாக்கீஸ்’ நிறுவனத்தைத் தொடங்கியபோது, வியர்ஷிங்கை மறுபடியும் அழைத்தார்கள். 1936இல் வந்த ‘அச்சூத் கன்யா’ அவர் ஒளிப்பதிவு செய்த படம். சாதி பிரித்த இருவரின் காதலைச் சொன்ன படம் அது. அதை இயக்கிய ஒஸ்ரனுக்கு இந்தி தெரியாது. கதாநாயகன் அசோக் குமாரோ அதே நிறுவனத்தில் படச்சுருள் கழுவும் ஆய்வுகூடத்தில் உதவியாளராக இருந்தவர்.

1939இல் போர் மூண்டது. பிரித்தானிய ஆட்சி, இந்தியாவில் இருந்த யேர்மானியர்களை எதிரி நாட்டவர் என்று பிடித்து அடைத்தது. கடவுச்சீட்டில் இருந்த நாட்டின் பெயர் ஒன்றே அதற்குப் போதுமாயிருந்தது. வியர்ஷிங் போர்க் காலத்தைத் தடுப்பு முகாம்களில் கழித்தார். முகாம் வாழ்க்கை எப்படியிருக்கும் என்று எங்கள் சனத்துக்கு நான் விளக்கத் தேவையில்லை.

அவர் உள்ளே போனதோடு பாம்பே டாக்கீஸ் நின்றுவிட்டதா? இல்லை. அவரிடம் உதவியாளராக இருந்து தொழில் பழகிய ஆர். டி. பரீன்ஜா கமெராவைப் பொறுப்பேற்றார். 1943இல் அவர் ஒளிப்பதிவு செய்த ‘கிஸ்மத்’, கல்கத்தா ரொக்சி திரையரங்கில் மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஓடியது. ஒரு தொழிலாளியின் பெறுமதி அவர் இல்லாத நாளில்தான் தெரியும் என்பார்கள். அவர் இல்லாமலும் வேலை நடந்தால், அவர் கையிலிருந்ததை ஒளிக்காமல் மற்றவருக்குக் கொடுத்திருக்கிறார் என்று அர்த்தம். என் கணக்கில் அதுதான் பெரிய வரவு.

போருக்குப் பிறகும் அவர் இந்தியாவிலேயே தங்கி வேலை செய்தார். 1949இல் வந்த ‘மஹல்’ படத்தைக் கிடைத்தால் பாருங்கள். அந்தப் பாழடைந்த மாளிகையில் பயத்தை உண்டாக்குவது பேய் அல்ல. அவர் வெளிச்சம் போடாமல் விட்ட இடங்கள். பிறகு கமால் அம்ரோகியின் ‘பாகீஸா’. கறுப்பு வெள்ளையில் தொடங்கி, வண்ணத்துக்கும் அகலத்திரைக்கும் மாறி, ஆண்டுக்கணக்கில் இழுபட்ட படம். அது முடியுமுன்னே, 1967இல், வியர்ஷிங் பம்பாயில் காலமானார். மிச்சத்தை வேறு ஒளிப்பதிவாளர்கள் முடித்துக் கொடுத்தார்கள். 1972இல் படம் வெளிவந்தபோது, ஒளிப்பதிவு என்ற இடத்தில் அவர் பெயரே இருந்தது.

எங்கள் பிள்ளைகள் சிலர் கமெரா, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு என்று தொழிற்பயிற்சிக்குப் போக ஆசைப்படுகிறார்கள். “படம் எடுக்கிற வேலை சோறு போடுமா?” என்று கேட்கிறோம். கேட்கத்தான் வேண்டும், வேலை ஒழுங்காகக் கிடைக்காத தொழில் அது. ஆனால் அதோடு இன்னொன்றையும் கேளுங்கள்: “உனக்குப் பழக்கிவிட யார் இருக்கிறார்கள்? நீ யாருக்குப் பழக்கிவிடுவாய்?” அதற்குப் பதில் இருந்தால், திரையில் முகம் தெரியாத வேலை என்று பிள்ளையை மறிக்காதீர்கள்.

அடுத்த முறை படம் பார்க்கும்போது, பெயர்கள் ஓடி முடியுமட்டும் இருந்து பாருங்கள்.