கோப்பி இயந்திரமும் மலைநாட்டு நீரும்

கொழும்பிலிருந்து அவிசாவளை வழியாக அட்டனுக்குச் செல்லும் நெடுஞ்சாலை, கித்துல்கலையைக் கடந்து வளைந்து வளைந்து மேலேறிக் கினிகத்தேனையை அடைகின்றது. தென்மேற்குப் பருவக்காற்று கடலிலிருந்து சுமந்து வரும் முகில்கள் முதலில் மோதும் மலைச்சரிவுகளில் இதுவும் ஒன்று. மத்திய மலைநாட்டின் மேற்குச் சரிவிலே ஆண்டுக்கு 5,000 மில்லிமீற்றருக்கு மேல் மழை பொழியும் இடங்கள் உள்ளன. பார்க்குமிடமெங்கும் தேயிலை. வீட்டுக்கு வருபவருக்கு முதலில் நீட்டப்படுவதும் தேநீர்தான். அத்தகைய ஊரின் அடுக்களையிலே இத்தாலிய முறைப்படி கோப்பி வடிக்கும் மின்சார இயந்திரம் ஒன்று இருக்கின்றதென்றால், அதைக் கொண்டுவந்தவர் பெரும்பாலும் அவ்வீட்டு இளைஞராகவே இருப்பார். தோட்டத்திலிருந்து கொழும்புக்குச் சென்று, ஹோட்டலிலோ கோப்பிக் கடையிலோ தொழில் பழகி, சேமித்த பணத்தில் வாங்கி வந்த பொருள் அது. மாதங்கள் சில சென்றபின் அதில் வடியும் கோப்பி கசக்கத் தொடங்கும். பின்னர் நீர் வருவதே நின்றுவிடும். தூசு படிந்து அலுமாரியின் மேல் ஏறிவிடும் அந்த இயந்திரத்தின்மீது பழி போடுவது எளிது. ஆனால், பெரும்பாலான சந்தர்ப்பங்களில் பழுது இயந்திரத்தில் இல்லை. அதைத் துப்புரவு செய்யும் முறையிலேயே இருக்கின்றது.

கோப்பி இம்மலைகளுக்குப் புதியதன்று. இன்று தேயிலை நிற்கும் சரிவுகளில் பத்தொன்பதாம் நூற்றாண்டிலே கோப்பிதான் நின்றது. தமிழ்நாட்டிலிருந்து மன்னார்க் கரையில் இறங்கி, காட்டுவழியே மாத்தளை நோக்கி நடந்துவந்த மக்கள் முதலில் பறித்ததும் கோப்பிப் பழமே. 1869இல் இலைத்துரு நோய் கண்டறியப்பட்டது. அதை ஆராய 1880இல் இலங்கைக்கு வந்த மார்ஷல் வாட் என்ற ஆங்கிலேய அறிஞர், அந்நோயின் நுண்ணிய வித்திகள் ஈரமான இலையின்மேல் முளைத்து உட்புகுவதை விளக்கிக் காட்டினார். மழைநாட்டுக் கோப்பிக்கு ஈரமே பகையாயிற்று. தோட்டங்கள் அழிந்து தேயிலை வந்தது. ஆயினும் கோப்பி முற்றாக மறைந்துவிடவில்லை. வீட்டுக் கொல்லையில் நிற்கும் இரண்டொரு செடிகளின் பழத்தை உலர்த்தி, கொத்தமல்லி சேர்த்து வறுத்து, உரலில் இடித்து, துணியில் வடித்துக் குடிக்கும் வழக்கம் நின்றதில்லை. அந்த வடிதுணியை ஒரு நாள் அலசாமல் விட்டால் மறுநாள் கோப்பியில் சிக்கு வாடை வீசும் என்பதை அந்நாளைய தாய்மார் அறிந்திருந்தனர். புதிய இயந்திரத்தைப் பேணுவதற்கு வேண்டிய அறிவிற் பாதி அந்தத் துணியிலேயே இருக்கின்றது.

மற்றப் பாதியை அறிய, இயந்திரம் செய்யும் வேலையைச் சற்று விளங்கிக்கொள்ள வேண்டும். எஸ்பிரசோ என்னும் இக்கோப்பி, நுண்ணிதாக அரைத்து அழுத்திய தூளினூடே வெந்நீரை அமுக்கத்துடன் செலுத்தி வடிப்பது. மிலான் நகரத்து லூயிஜி பெசெரா 1901இல் இதற்கென ஓர் இயந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றார். அது நீராவியின் அமுக்கத்தால் இயங்கியது. அதே நகரத்து அக்கில்லே காஜியா, இரண்டாம் உலகப் போருக்குப் பின்னர் நெம்புகோல் இயந்திரங்களைக் கொண்டுவந்து, கோப்பியின்மேல் பொன்னிற நுரை படரச் செய்தார். 1961இல் மின்சாரப் பம்பி பொருத்திய இயந்திரம் வந்தது. இன்று வீட்டில் இருக்கும் சிறு இயந்திரமும் அந்த வழியில் வந்ததே. ஏறக்குறைய 93 பாகை வெப்பமுள்ள நீர், வளிமண்டல அமுக்கத்தைப் போல் ஒன்பது மடங்கு அமுக்கத்துடன், அரை நிமிடத்துக்குள் தூளைக் கடந்து செல்கின்றது. அவ்வளவு வேகமாகவும் வன்மையாகவும் பிழியும்பொழுது சுவையுடன் எண்ணெயும் வெளிவருகின்றது. எனவே இயந்திரத்தினுள் மூன்று பொருள்கள் தங்குகின்றன: நீர் விட்டுச்செல்லும் சுண்ணம், கோப்பி விட்டுச்செல்லும் எண்ணெய், பால் விட்டுச்செல்லும் ஆடை. இவற்றுள் எது பெரிய பகை என்பது இயந்திரம் இருக்கும் ஊரைப் பொறுத்தது.

இங்கேதான் பலர் தவறிவிடுகின்றனர். இயந்திரத்தோடு வரும் கைந்நூல் உலகத்தின் எல்லா ஊர்களுக்கும் பொதுவாக எழுதப்பட்டது. குறித்த காலத்துக்கு ஒருமுறை அமிலக் கரைசல் விட்டுச் சுண்ணத்தை நீக்குக என்று அது கூறும். யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு அவ்வறிவுரை மிகப் பொருத்தம். அங்கே நிலத்தின்கீழ் இருப்பது சுண்ணாம்புக்கல். அதனூடே ஊறிவரும் கிணற்று நீர் வன்னீர். கேத்தலின் அடியில் வெள்ளைப் படை படிவதை அங்குள்ள எந்த வீட்டிலும் காணலாம். கொதிகலத்தினுள் படியும் கல்சியம் காபனேற்று வெப்பத்தைத் தடுக்கும், நுண்குழாயை அடைக்கும், வால்வுகளை இறுகச் செய்யும். கினிகத்தேனையின் நிலை வேறு. இங்குள்ள பாறை எளிதில் கரையாத பழம்பாறை. மேலே பெய்வதோ ஓயாத மழை. பீலியில் வரும் நீர் மென்னீர். சவர்க்காரம் இட்டதும் நுரை பொங்குவதே அதற்குச் சான்று. பல ஆண்டுகள் பயன்பட்ட கேத்தலின் அடியும் பெரும்பாலும் வெள்ளைப் படையின்றியே இருக்கும். அவ்வாறு இருப்பின், அந்த வீட்டு இயந்திரத்துக்கு மாதந்தோறும் அமிலம் வார்ப்பது நோயில்லாதவருக்கு மருந்து கொடுப்பதாகும். கரைப்பதற்குச் சுண்ணம் இல்லாதவிடத்து அமிலம் உலோகத்தையே தீண்டும். கொதிகலம் அலுமினியமாயின் கேடு இன்னும் விரைவில் வரும். ஆதலால் முதலில் பார்க்கவேண்டியது கைந்நூலை அன்று, கேத்தலை.

கேத்தலில் வெள்ளைப் படை காணும் ஊரவர் சித்திரிக் அமிலத்தைப் பயன்படுத்தலாம். அமிலம் எந்த வகையைச் சார்ந்ததாக இருக்கவேண்டும் என்பதைமட்டும் கைந்நூலிற் பார்த்துக்கொள்ளல் வேண்டும். ஒரு லீற்றர் நீருக்கு 20 முதல் 30 கிராம் வரை கரைத்துத் தொட்டியிலிட்டு, பாதியை ஓடவிட்டு, இயந்திரத்தை நிறுத்திக் கால் மணிநேரம் ஊறவிட்டு, எஞ்சியதையும் ஓடவிட வேண்டும். சுண்ணம் கரைந்து காபனீரொட்சைட்டு வாயுவாகப் பொங்கி நீங்கும். பின்னர் இரண்டு தொட்டி நல்ல நீர் ஓடவேண்டும். வினாகிரி மலிவானதுதான், ஆனால் அதன் வாடை பல நாள் போகாது. எலுமிச்சம்பழச் சாற்றைப் பிழிந்து ஊற்றுவாரும் உளர். அதன் சக்கை நுண்குழாயை அடைத்துவிடும்.

மென்னீர் கிடைத்தது என்று மலைநாட்டார் வாளாவிருக்கவும் முடியாது. அடைமழையில் பீலி நீர் செந்நிறமாகக் கலங்கிவரும். அதைத் தெளியவைத்து, நெருங்கிய துணியில் வடித்த பின்னரே தொட்டியில் ஊற்றுதல் வேண்டும். கூரையிலிருந்து பிடிக்கும் மழைநீர் எல்லாவற்றிலும் தூயது என எண்ணி அதையே ஊற்றினால் வேறொரு விந்தை நிகழும். சில இயந்திரங்கள் நீர்மட்டத்தை மின்னோட்டத்தால் உணர்கின்றன. உப்புச் சத்தே இல்லாத நீர் மின்னை நன்கு கடத்தாது. தொட்டி நிறைந்திருந்தும் அது வெறுமை என்று கருதி இயந்திரம் வேலைசெய்ய மறுத்துவிடும்.

மலைநாட்டு வீட்டின் உண்மையான பகை எண்ணெய்தான். கைப்பிடியோடு கூடிய வடிகிண்ணத்தை ஒவ்வொரு முறையும் தட்டிக் கழுவுவர். அது கண்ணுக்குத் தெரிவது. வெந்நீர் இறங்கும் வாயிலுள்ள சல்லடைத் தகட்டை எவரும் குனிந்து பார்ப்பதில்லை. கோப்பித் தூளும் எண்ணெயும் அங்கே கருமையாக இறுகிக் கிடக்கும். தேங்காயெண்ணெய் சிக்கெடுப்பது போலவே கோப்பி எண்ணெயும் சிக்கெடுக்கும். அதன்பின் எவ்வளவு உயர்ந்த கோப்பித் தூளும் அந்தக் கசப்போடுதான் வடியும். கோப்பி வடித்தவுடன் சிறிது வெந்நீரை வெறுமனே ஓடவிட்டு வாயைத் தூரிகையால் துலக்குதல் நாளாந்த வேலை. வாரத்துக்கு ஒருமுறை, தகட்டைக் கழற்ற இடமிருப்பின் கழற்றி, வடிகிண்ணத்தின் உலோகப் பகுதியோடு சேர்த்து, இதற்கென விற்கப்படும் சவர்க்காரத் தூள் கரைத்த வெந்நீரில் ஊறவிடல் வேண்டும். சாம்பலும் தென்னந்தும்பும் பாத்திரத்துக்கு ஏற்றவை. இந்த மெல்லிய துளைகளுக்கு ஏற்றவை அல்ல.

கொழும்புக் கடைகளில் வேலைபார்த்தவர்கள் துளையில்லாத கிண்ணத்தைப் பொருத்தி, சவர்க்காரத் தூளிட்டு, நீரை உள்ளேயே திருப்பியடித்துக் கழுவும் முறையை அறிவர். கடை இயந்திரத்தில் அமுக்கத்தை வெளியேற்றும் தனி வால்வு உண்டு. வீட்டுக்கென வரும் மலிவான இயந்திரங்கள் பலவற்றில் அது இல்லை. கடைப் பழக்கத்தை அங்கே கையாண்டால், போக வழியில்லாத அமுக்கம் உள்ளேயே நிற்கும். கிண்ணத்தைத் திருப்பியதும் கொதிநீரும் சவர்க்காரமும் முகத்திலும் கையிலும் சிதறும். அத்தகைய இயந்திரத்தில் கோப்பி வடித்த பின்னரும் சிறிது நேரம் பொறுத்தே கிண்ணத்தைக் கழற்ற வேண்டும். பிள்ளைகள் நடமாடும் அடுக்களையில் இதை அலட்சியம் செய்தல் ஆகாது.

பாலைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. நீராவிக் குழலை ஈரத்துணியால் உடனே துடைத்து, ஒரு கணம் நீராவியை வெளியே விடல் வேண்டும். உள்ளே நீராவி குளிர்ந்து சுருங்கும்பொழுது வெற்றிடம் உண்டாகிப் பாலைக் குழலினுள் இழுக்கும் என்பதே காரணம். மறுநாள் காலையிலே துடைக்கலாம் என்று விட்டவர், ஊசி கொண்டு துளையைக் குத்திக்கொண்டிருப்பார்.

கோப்பி அரைக்கும் கருவியை நீரிற் கழுவலாகாது. அலகுகளைக் கழற்றி உலர்ந்த தூரிகையால் துடைத்தாற் போதும். துப்புரவாகும் என்று அரிசியை இட்டு அரைப்பது சில கருவிகளுக்குத் தாங்கமுடியாத சுமை. வறுத்த கோப்பியைப் பிடித்தளவுக்கு மட்டும் அரைப்பது இந்த ஈரநாட்டில் கட்டாயம். திறந்து வைத்த தூள் ஓரிரு நாளில் கட்டிபட்டுவிடும். இடிமின்னல் வேளையில் இயந்திரத்தின் மின்னிணைப்பைக் கழற்றிவிடல் நன்று.

கிண்ணம் பொருந்தும் இடத்திலுள்ள இறப்பர் வளையம் வெப்பத்தால் நாளடைவில் இறுகும். ஓரத்தால் நீர் கசியத் தொடங்கினால் கைப்பிடியை இன்னும் பலமாக முறுக்குவோர் பலர். முறுக்கவேண்டியதில்லை, வளையத்தை மாற்றவேண்டும். சிறு பொருள்தான், ஆனால் அளவு இயந்திரத்துக்கு இயந்திரம் வேறுபடும். மலைநாட்டுச் சிறு பட்டினங்களில் எளிதிற் கிடைப்பதில்லை. 2022இன் பொருளாதார நெருக்கடியில் இறக்குமதிகள் கட்டுப்படுத்தப்பட்டபொழுது கொழும்பிலும் இத்தகைய உதிரிப்பாகங்கள் அரிதாயின. ஆகவே கொழும்பிலிருந்து விடுமுறைக்கு வருபவரிடம் சொல்லி, ஒன்றை முன்கூட்டியே வாங்கி வைத்திருத்தல் புத்திசாலித்தனம்.

வீட்டார் சில நாள் வெளியூர் செல்வதாயின் தொட்டியை வெறுமையாக்கி, சொட்டுத்தட்டைக் கழுவி, இரண்டையும் உலரவைத்துச் செல்லவேண்டும். இல்லையேல் திரும்பி வரும்பொழுது தட்டிலே பச்சையும் கருமையுமாகப் பூஞ்சணம் படர்ந்திருக்கும். வெயிலில் உலர்த்துவதே சிறந்தது. கினிகத்தேனையில் ஆனி, ஆடி மாதங்களில் வெயிலுக்கு எங்கே போவது? அடுப்பங்கரையின் சூட்டில், தேயிலைப் போத்தலுக்குப் பக்கத்தில், கவிழ்த்து வைத்துவிட்டுப் போகலாம்.